மேசியோ பார்க்கர்: பக்கத்துல நின்னு ஊதியே பேர் வாங்கின மனுஷன் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

அமெரிக்கப் பாடகர் ஜேம்ஸ் பிரவுன் பாட்டு நாலு கேட்டிருந்தீங்கன்னா இந்தப் பேரையும் கேட்டிருப்பீங்க, அது ஒரு ஆளோட பேருன்னு தெரியாமலே கேட்டிருப்பீங்க. பாட்டு ஓடிட்டு இருக்கும், நடுவுல அந்தாளு "மேசியோ!"ன்னு ஒரு கத்து கத்துவாரு, உடனே சாக்ஸபோன் உள்ள வந்து நிக்கும். நான் ரொம்ப நாளா அது நம்ம "அடிச்சு விடு" மாதிரி ஏதோ உற்சாகத்துல கத்துற சத்தம்னுதான் நெனச்சிட்டு இருந்தேன். ஆளு யாருன்னு தெரிஞ்சப்புறம் கடந்த பத்து வருஷமா கண்ணுல படுற ஆளுங்க கிட்டல்லாம் இவரைப் பத்தியே பேசிட்டுத் திரியறேன், அவங்களும் திருப்பித் திருப்பி அதே கேள்விகளைத்தான் கேக்குறாங்க. அதான் எல்லாத்துக்கும் பதிலை ஒரே இடத்துல எழுதிடலாம்னு உக்காந்துட்டேன்.

மொதல்ல ஆளு யாருங்க?

அமெரிக்கால வட கரோலினா மாநிலத்துல கின்ஸ்டன்னு ஒரு சின்ன ஊரு, புகையிலை ஏலத்துக்குப் பேர் போன பக்கம். அங்க 1943 பிப்ரவரி 14-ம் தேதி பொறந்தவரு. வீட்டுல அப்பா அம்மா ரெண்டு பேருமே சர்ச்ல பாடுறவங்க. சொந்தத்துல ஒரு மாமா ப்ளூ நோட்ஸ்னு உள்ளூர் பேண்ட் நடத்திட்டு இருந்தாரு. பார்க்கர் வீட்டுப் பசங்க மூணு பேரு: கெல்லிஸ் டிராம்போன், மேசியோ சாக்ஸ், மெல்வின் டிரம்ஸ். மாமாவோட பேண்ட் இடைவேளை விடும்போது இந்தப் பொடிசுங்க மேல ஏறி ஜூனியர் ப்ளூ நோட்ஸ்னு பேர் வச்சிக்கிட்டு ரெண்டு பாட்டு வாசிப்பாங்களாம்.

இதுல கெல்லிஸ் பின்னாடி சட்டம் படிச்சு நியூயார்க் கொலம்பியா யுனிவர்சிட்டில லா புரொஃபசர் ஆனாரு. மத்த ரெண்டு பேரும் படிப்பைப் பாதில விட்டுட்டு பஸ் ஏறினாங்க, அந்தக் கதைதான் அடுத்தது.

ஜேம்ஸ் பிரவுன் இவரை எப்படிக் கண்டுபிடிச்சாரு?

கண்டுபிடிக்கவே இல்ல, அதுதான் எனக்கு ரொம்பப் புடிச்ச விஷயம். பிரவுனுக்கு வேணும்னு இருந்தது தம்பி மெல்வின்தான். அண்ணன் தம்பி ரெண்டு பேரும் கிரீன்ஸ்போரோல காலேஜ்ல இருந்தாங்க, அங்க ஒரு கிளப்ல மெல்வின் டிரம்ஸ் அடிக்கிறதைப் பாத்துட்டு பிரவுன் "உனக்கு எப்ப வேணும்னாலும் என்கிட்ட வேலை இருக்கு"ங்கிற மாதிரி சொல்லிட்டுப் போயிட்டாரு. கொஞ்ச நாள் கழிச்சு, 1964-ல, படிச்சது போதும்னு முடிவு பண்ணி ரெண்டு பேருமா அவரைத் தேடிப் போறாங்க. மெல்வினுக்கு உடனே வேலை. கூடவே "இது எங்க அண்ணன், சாக்ஸ் வாசிப்பாரு"ன்னு அறிமுகம் பண்ணி வைக்கிறாரு.

பிரவுன் கேட்டது ஒண்ணே ஒண்ணுதான், பாரிடோன் சாக்ஸ் வாசிப்பியா, சொந்தமா வச்சிருக்கியா. பாரிடோன்னா தடிமனா உறுமுற பெரிய சைஸ் சாக்ஸ். மேசியோ கையில இருந்தது அது இல்ல. தலையைத் தலையை ஆட்டிச் சமாளிச்சு "ஆமாங்க"ன்னுட்டு அப்புறம் ஓடிப் போய் ஒண்ணு தேத்தினாரு. இப்படித் தம்பி சிபாரிசுல, இல்லாத வாத்தியத்தை வச்சு உள்ள போன ஆளு, அடுத்த ரெண்டு மூணு வருஷத்துல பிரவுன் வாயில அதிகமா வர்ற பேரா ஆயிட்டாரு.

சாக்ஸ்னா நம்ம கத்ரி கோபால்நாத் வாசிச்ச அதே சாக்ஸா?

அதே ஆல்ட்டோ சாக்ஸ்தான், மேசியோவும் பிற்காலத்துல பெரும்பாலும் ஆல்ட்டோதான், ஆரம்பத்துல பாரிடோன், அதுக்கும் ஆல்ட்டோவுக்கும் நடு சைஸான டெனார் எல்லாம் வாசிச்சிருக்காரு. ஆனா ரெண்டு பேரும் அந்தக் குழல்கிட்ட எதிர்பாத்தது அப்படியே நேர்மாறு. கத்ரிக்கு கமகம் வேணும், ஒரு ஸ்வரத்துல இருந்து இன்னொண்ணுக்கு வழுக்கிட்டுப் போகணும், அதுக்காகவே குழல்ல மாத்தமெல்லாம் பண்ணாரு. மேசியோவுக்கு வழுக்கவே கூடாது. கதவுல விரல் முட்டியால தட்டுற மாதிரி டக், டக்குன்னு ஒவ்வொரு ஸ்வரமும் வெட்டி வெட்டி விழணும். ஊதுற முனையில இருக்கிற ரீடை, அதாவது சீவாளியை, நாக்கால தட்டி நிறுத்துற வேலை அது, கேக்க ஈஸியா இருக்கும், ரெண்டு நிமிஷத்துல வாய் வலிச்சிரும்.

பிரவுன் பாட்டை சோல்ங்கிறாங்க, ஃபங்க்ங்கிறாங்க, ரெண்டு இசையும் ஒண்ணுதானே?

ஒரே குடும்பம், ஆனா ஒண்ணு இல்ல. சோல்ல பாட்டுக்காரர்தான் ராஜா, பின்னாடி சர்ச் பாட்டு வாசனை, கார்டு (ஒண்ணா சேர்ந்து ஒலிக்கிற ஸ்வரக் கூட்டம்) மாறி மாறிப் போய் ஒரு கதையைச் சொல்லி முடிக்கும். ஃபங்க்ல கதை கெடையாது. ஒரே கார்டுல நங்கூரம் போட்டுட்டு, கிட்டார், பேஸ், டிரம்ஸ், ஹார்ன் (சாக்ஸ், டிரம்பெட் மாதிரி ஊதுற வாத்தியங்க) எல்லாம் ஆளுக்கொரு சின்னத் துண்டைத் திருப்பித் திருப்பிப் போடணும், அந்தத் துண்டுங்க ஒண்ணோட ஒண்ணு பல்சக்கரம் மாதிரிக் கோத்துக்கணும். அதுக்கு முன்னாடி இருந்த பாட்டுங்கள்ல நாலு எண்ணிக்கையில ரெண்டாவதும் நாலாவதும்தான் கனமா விழும், கைதட்டுறதும் அங்கதான். பிரவுன் கனத்தைத் தூக்கி மொத எண்ணிக்கையில போட்டாரு. அவங்க ஆளுங்க அதை "தி ஒன்"னு சொல்லுவாங்க. நம்ம தாளத்துல சமம்னு சொல்றோம்ல, எவ்வளவு சுத்திட்டு வந்தாலும் எல்லாரும் சேர்ந்து வந்து விழுற இடம், அந்த மாதிரி.

"கோல்ட் ஸ்வெட்"னு ஒரு பிரவுன் பாட்டைப் பத்தியே பேசிட்டு இருக்கியே, அதுல அப்படி என்ன?

இதுக்கு மட்டும் கொஞ்சம் நீளமா பதில் சொல்லுவேன், பொறுத்துக்கோங்க.

1967 மே மாசம், சின்சினாட்டில கிங் ஸ்டுடியோ. மேசியோ அப்பதான் மிலிட்டரிலேர்ந்து திரும்பி வந்திருக்காரு, அந்த நாள்ல கட்டாய ராணுவ சேவை, பேண்ட்ல நல்லா சூடு புடிச்ச நேரத்துல இழுத்துட்டுப் போயிட்டாங்க. திரும்பி வரும்போது பேண்ட்ல பீ வீ எல்லிஸ் இருக்காரு, ஜாஸ் நல்லாத் தெரிஞ்சவரு. பிரவுன் வாயாலயே ஒரு ரிதத்தை முனகிக் காட்டினதை எல்லிஸ் பாட்டா கட்டினாரு. அதுல வர்ற ஹார்ன் வரி ஜாஸ் டிரம்பெட்காரர் மைல்ஸ் டேவிஸோட "ஸோ வாட்" பாட்டுலேர்ந்து கெடச்ச யோசனைன்னு எல்லிஸே பின்னாடி சொல்லியிருக்காரு.

பாட்டு ஏழு நிமிஷத்துக்குக் கிட்ட. ரெக்கார்டுல ஒரு பக்கத்துக்குப் பத்தாதுன்னு ரெண்டு பக்கமா வெட்டிப் போட்டாங்க. நடுவுல ஒரு சின்ன இடம் தவிர, மீதி எல்லாம் ஒரே கார்டு. இப்ப மேசியோவோட நெலமையை யோசிச்சுப் பாருங்க. கார்டு மாறினா சோலோ வாசிக்கிறவனுக்கு ஏறிப் போக படி இருக்கும். இங்க படியே இல்ல, சமதளம். பிரவுன் பேரைச் சொல்லிக் கூப்பிடுறாரு, மேசியோ டெனாரோட உள்ள வர்றாரு. ஒரு சின்ன வாக்கியம், நிறுத்தம். அதையே கொஞ்சம் திருப்பிப் போட்டு மறுபடி, நிறுத்தம். அந்த நிறுத்தத்துல கிளைட் ஸ்டபில்ஃபீல்டோட டிரம்ஸும் ஜிம்மி நோலனோட கிட்டாரும் வந்து பதில் சொல்லுது. சாக்ஸ் பேச, பின்னாடி இருக்கிறவங்க "ம்" கொட்ட, அப்படியே கதை சொல்ற பாட்டி மாதிரிப் போகுது. ஜாஸ்காரங்க இதே இடத்துல நூறு ஸ்வரத்தைக் கொட்டியிருப்பாங்க. இவரு ஆடுறவனோட கால் தடுமாறிடாம பாத்துக்கிட்டு, அந்தக் காலுக்கு நடுவுல பந்து தட்டுற மாதிரி வாசிக்கிறாரு. அவரு முடிச்சதும் பிரவுன் டிரம்மருக்கு வழி விடச் சொல்ல, மத்த வாத்தியமெல்லாம் ஓரமா ஒதுங்க, கிளைட் தனியா வாசிக்கிறாரு.

அமெரிக்கால அந்த வருஷம் ஆர் அண்ட் பி (ரிதம் அண்ட் ப்ளூஸ், கறுப்பர் பாட்டுங்களுக்கான) லிஸ்ட்ல அது நம்பர் 1. ஃபங்க் இங்கதான் முழுசாப் பொறந்துச்சுன்னு சொல்றவங்க நெறைய, அதுக்கு ரெண்டு வருஷம் முன்னாடி வந்த "பாப்பாஸ் காட் எ பிராண்ட் நியூ பேக்"லதான்னு சொல்றவங்களும் இருக்காங்க. நான் கோல்ட் ஸ்வெட் கட்சி. ரெண்டுலயும் மேசியோ இருக்காருங்கிறதால எனக்கு எந்தப் பக்கம் ஜெயிச்சாலும் நஷ்டம் இல்ல.

பிரவுன் மேடையிலயே ஃபைன் போடுவாரு, நெஜமா?

நெஜம். ஷூ பளபளக்கலன்னா ஃபைன், லேட்டா வந்தா ஃபைன், யூனிஃபார்ம்ல போ டை கோணலா இருந்தா ஃபைன், ஸ்வரம் பிசகினா ஃபைன். ஆடிட்டே இருக்கும்போது திரும்பி, விரிச்ச கையை ஒரு தடவை காட்டினா 5 டாலர், ரெண்டு தடவை காட்டினா 10. முன்னாடி உக்காந்து பாக்குறவன் அதுவும் ஒரு டான்ஸ் ஸ்டெப்புன்னு நெனச்சு கை தட்டுவான், பின்னாடி நிக்கிறவனுக்குச் சம்பளம் போயிட்டு இருக்கும். எல்லாரும் அவரை மிஸ்டர் பிரவுன்னுதான் கூப்பிடணும், அவரும் பேண்ட் ஆளுங்களை மிஸ்டர் போட்டுத்தான் கூப்பிடுவாரு, அந்த மரியாதை ரெண்டு பக்கமும் உண்டு.

எனக்கு இதுல ரெண்டு மனசு. தினம் ராத்திரி கண்ணை அவரு முதுகுலயே வச்சிருந்ததாலதான் அந்த பேண்ட் கத்தி மாதிரி இருந்துச்சு, அவரு தோளைக் குலுக்கினா ஹார்ன் வந்து விழும், அதுல சந்தேகம் இல்ல. ஆனா அந்த வேகத்துக்கும் அந்தக் கெடுபிடிக்கும் குடுத்த கூலி கம்மி.

அதனாலதான் 1970-ல எல்லாரும் சேர்ந்து விலகினாங்களா?

ஆமா, சம்பளமும் மரியாதையும்தான் பிரச்சனை. 1970 மார்ச்ல ஜார்ஜியா மாநிலம் கொலம்பஸ்ல ஒரு ஷோ, அதுக்கு முன்னாடி பேண்ட் ஆளுங்க கோரிக்கை வச்சு நின்னாங்க. பிரவுன் எறங்கி வரல. சின்சினாட்டிக்குத் தன்னோட சொந்த ஜெட் பிளேனை அனுப்பி, அங்க வாசிச்சிட்டு இருந்த சின்னப் பசங்க பேண்ட் ஒண்ணை அள்ளிட்டு வந்துட்டாரு. அந்தப் பசங்கள்ல ஒருத்தர்தான் பூட்சி காலின்ஸ், அப்ப அவருக்கு 18 வயசு. சின்ன வயசுலேர்ந்து யாரைப் பாத்து வாசிக்கக் கத்துக்கிட்டாங்களோ, அவங்க எடத்துலயே அன்னிக்கு ராத்திரி ஏறி நின்னாங்க.

வெளிய வந்த மேசியோ "மேசியோ அண்ட் ஆல் தி கிங்ஸ் மென்"னு தனி பேண்ட் போட்டாரு. பேரைப் பாருங்க, ராஜாவோட ஆளுங்க எல்லாம் எங்ககூடன்னு குத்திக் காட்டுற பேரு. ரெக்கார்டும் போட்டாங்க, நல்ல ரெக்கார்டு, விக்கல. பிரவுன் ரேடியோக்காரங்க கிட்ட சொல்லி ஓட்ட விடாம பண்ணிட்டாருன்னு ஒரு பேச்சு இன்னிக்கு வரைக்கும் இருக்கு. 1973-ல மேசியோ திரும்ப பிரவுன் கிட்டயே போயிட்டாரு.

திரும்பப் போனாரா! சூடு சொரணை இல்லையா?

இந்தக் கேள்வி கேக்காத ஆளே இல்ல. வேலைக்குப் போய் மாசச் சம்பளம் வாங்குறவங்கதான் இதை அதிகமாக் கேக்குறாங்கங்கிறது வேற விஷயம்.

சோத்துக்கு வழி வேணும், அது ஒண்ணு. இன்னொண்ணு, அந்த அளவுக்கு இறுக்கமா வாசிக்கிற பேண்ட் வேற எங்கயும் கெடையாது, நல்ல வாத்தியக்காரனுக்கு அது ஒரு போதை. அந்த ரெண்டாவது ரவுண்டுலதான் "தி பேபேக்" ஆல்பம் வந்துச்சு. ஜே.பீஸ்னு பேண்டுக்குத் தனிப் பேரு, அதுல டிராம்போன் ஃபிரெட் வெஸ்லிதான் தலைமை. 1974-ல முகமது அலி – ஜார்ஜ் ஃபோர்மேன் குத்துச்சண்டையை ஒட்டி ஆப்பிரிக்கால கின்ஷாசாவுல நடந்த பெரிய கச்சேரிக்கும் இந்த செட்டுதான் போச்சு. சண்டை தள்ளிப் போச்சு, கச்சேரி மட்டும் சொன்ன தேதில நடந்துச்சு.

மூணாவது தடவையும் போனாரு, 1984-ல. 1988 வரைக்கும் இருந்தாரு. மொத்தத்துல மூணு தடவை சேர்ந்து, ஒவ்வொரு தடவையும் வெளிய வரும்போது கொஞ்சம் அதிகம் கத்துக்கிட்டு வந்தாருன்னுதான் நான் பாக்குறேன்.

நடுவுல அந்த விண்வெளிக் கப்பல் கோஷ்டில இருந்தாருன்னு சொன்னாங்களே?

ஜார்ஜ் கிளிண்டனோட பார்லிமெண்ட்-ஃபங்கடெலிக்ங்கிற ஃபங்க் பேண்டைத்தான் சொல்றாங்க. 1975 வாக்குல ஃபிரெட் வெஸ்லியும் மேசியோவும் பிரவுனை விட்டு அங்க போயிட்டாங்க, பூட்சி ஏற்கனவே அங்க இருந்தாரு. டிரம்பெட்டுக்கு ரிக் கார்ட்னர், ரிச்சர்டு கிரிஃபித், ஆக நாலு பேர் ஹார்ன் செட்டு.

எங்கேர்ந்து எங்க போயிருக்காங்கன்னு பாருங்க. இந்தப் பக்கம் ஷூ பாலிஷுக்கு ஃபைன். அந்தப் பக்கம் கேரி ஷைடர்னு கிட்டார்காரர் கொழந்தைக்குக் கட்டுற டயப்பரை மட்டும் கட்டிக்கிட்டு மேடையில நிக்கிறாரு, யாரும் ஒண்ணும் சொல்றது இல்ல. 1976-லேர்ந்து மேடைக்கு மேலேர்ந்து புகையும் லைட்டுமா ஒரு பெரிய கப்பல் எறங்கும், உள்ளேர்ந்து கிளிண்டன் வருவாரு. அதுக்கப்புறம் செஞ்ச இன்னொரு கப்பல் இப்ப வாஷிங்டன்ல ஆப்பிரிக்க அமெரிக்க வரலாற்று மியூசியத்துல இருக்கு. அந்தக் கலவரத்துக்கு நடுவுல இந்த ஹார்ன் ஆளுங்க மட்டும் பழைய டிசிப்ளினோட, ஒரு மயிரிழை பிசகாம வந்து விழுவாங்க. கிளிண்டனோட கிறுக்குத்தனம் பாட்டா நின்னதுக்கு இந்த பிரவுன் பள்ளிக்கூடத்து ஆளுங்க ஒரு பெரிய காரணம்னு நான் அடிச்சுச் சொல்லுவேன்.

1997-ல அந்த பேண்டை ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேம்ல சேத்தாங்க. 16 பேர் பேரைப் போட்டாங்க. பூட்சி பேர் இருக்கு. மேசியோ பேர் இல்ல, ஃபிரெட் பேரும் இல்ல.

அப்ப சொந்தப் பேர்ல எப்பதான் நின்னாரு?

நாப்பத்தேழு வயசுல. 1988 டிசம்பர்ல பிரவுன் ஜெயிலுக்குப் போனாரு, 1991-லதான் வெளிய வந்தாரு. பேண்ட் ஆளுங்க ஆளுக்கொரு திசை. 1990-ல ஒரு ஜெர்மன் கம்பெனிக்காக மேசியோ "ரூட்ஸ் ரிவிசிட்டட்"னு ஒரு ஆல்பம் பண்ணாரு, கூட ஃபிரெட், பீ வீ. அமெரிக்க இசைப் பத்திரிகை பில்போர்டுல கன்டெம்பரரி ஜாஸ் லிஸ்ட்ல பத்து வாரம் மொத இடம். அமெரிக்கால இவங்களைப் பழைய ஆளுங்கன்னு ஒதுக்கி வச்சிருந்தப்ப, ஐரோப்பாவுல டிக்கெட் வாங்கிட்டு நின்னாங்க.

ஆனா ஆளு யாருன்னு உலகத்துக்குச் சொன்னது 1992-ல வந்த "லைஃப் ஆன் பிளானட் குரூவ்". ஜெர்மனி கொலோன்ல ஸ்டாட்கார்ட்டன்னு ஒரு எடம், அங்க லைவா ரெக்கார்டு பண்ணது. மொத பாட்டே பதினாறு நிமிஷத்துக்கு மேல. ஆரம்பத்துலயே மைக்கைப் புடிச்சு, நாங்க வாசிக்கப் போறது ரெண்டு பெர்சன்ட் ஜாஸ், 98 பெர்சன்ட் ஃபங்க்னு கணக்கைச் சொல்லிடுறாரு. சுயசரிதைக்கும் பின்னாடி அந்த 98-ஐத்தான் பேரா வச்சாரு, 2013-ல வந்துச்சு.

அந்த பதினாறு நிமிஷத்தை ஹெட்ஃபோன்ல கேளுங்க, ஃபிரெட் டிராம்போன் சோலோ எடுக்கும்போது மத்த ரெண்டு பேரும் சும்மா நிக்கல. பின்னாடி ரெண்டு ஸ்வரம், மூணு ஸ்வரம்னு குத்திக்கிட்டே இருப்பாங்க. பேரு போட்ட ஆளு மேசியோ, போஸ்டர்ல அவர் மூஞ்சி, ஆனா கூட்டாளி வாசிக்கும்போது உடனே பக்கவாத்தியமா மாறிடுறாரு. முப்பது வருஷப் பழக்கம் போகாதுல்ல. கேண்டி டல்ஃபர்னு டச்சுக்காரப் பொண்ணு அந்தக் கச்சேரில கெஸ்ட், அப்ப அவங்களுக்கு 22 வயசு, ஆல்ட்டோ சாக்ஸ். அந்தப் பொண்ணுக்கு எடம் விட்டுக் குடுக்குற விதத்தையும் கவனிங்க.

காசு சம்பாதிச்சாரா? அந்த பாட்டெல்லாம் ராப்காரங்க எடுத்து எடுத்துப் போட்டாங்களே.

வருஷம் முழுக்க டூர் அடிச்சு சம்பாதிச்சாரு, அது வேற. பழைய ரெக்கார்டுலேர்ந்து வர்ற காசுன்னா அது சோகக் கதை.

"ஃபங்கி டிரம்மர்"னு ஒரு பாட்டு, 1969 நவம்பர்ல சின்சினாட்டில பதிவு பண்ணது. அதுலயும் மேசியோ சோலோ இருக்கு. ஆனா உலகம் எடுத்துக்கிட்டது கிளைட் தனியா அடிக்கிற சில நொடியைத்தான், ஆயிரத்துக்கு மேல பாட்டுல அந்த அடியை வெட்டி ஒட்டியிருக்காங்க. பாட்டு எழுதினவர்னு போட்டிருக்கிற பேரு ஜேம்ஸ் பிரவுன் மட்டும்தான். சட்டப்படி ரெண்டு உரிமை இருக்கு, பாட்டை எழுதினவனுக்கு ஒண்ணு, பதிவு பண்ண டேப்புக்குச் சொந்தக்காரக் கம்பெனிக்கு ஒண்ணு. அன்னிக்கு ரூம்ல வேர்த்து விறுவிறுக்க வாசிச்சவன் இந்த ரெண்டுலயும் இல்ல, கூலி வாங்கிட்டான், கணக்கு முடிஞ்சுது. வீடு கட்டின கொத்தனாருக்கு வாடகைல பங்கு இல்லைல்ல, அந்த லாஜிக். ஆனா பிரவுன் பாட்டுல கொத்தனாரு செங்கல்லையும் தானே சுட்டு, பிளானையும் பாதி போட்டிருப்பான், அதுதான் வயித்தெரிச்சல்.

கிளைட் 2017-ல தவறிட்டாரு. அவரு கேன்சரோட போராடினப்ப ஆஸ்பத்திரி பில்லு கிட்டத்தட்ட 90,000 டாலரை சத்தமில்லாம கட்டினது பாடகர் பிரின்ஸ். பிரின்ஸ் செத்ததுக்கு அப்புறம்தான் கிளைட் அதை வெளிய சொன்னாரு.

பிரின்ஸ் கூடயும் வாசிச்சாரா?

1999-லேர்ந்து பல வருஷம். 2004 மியூசிகாலஜி டூர், 2007-ல லண்டன்ல 21 ராத்திரி நடத்துன கச்சேரி எல்லாத்துலயும். அறுபது வயசுக்கு மேல, தன்னைவிட பதினஞ்சு வயசு சின்னவருக்குப் பின்னாடி போய் நின்னாரு, சொந்தமா பேண்ட் வச்சிருக்கும்போதே. பிரின்ஸும் பிரவுன் மாதிரியே மேடையில பேரைச் சொல்லிக் கத்துவாரு. வேற யாரு வேலைக்குக் கூப்பிட்டாலும் கூச்சப்படாம போன ஆளு. 1990-ல வந்த டீ-லைட் பேண்டோட "குரூவ் இஸ் இன் தி ஹார்ட்" ஞாபகம் இருக்கா, டிஸ்கோல எல்லாம் போடுவாங்களே, அந்த ஹார்ன்லயும் மேசியோ இருக்காரு, பூட்சியும் இருக்காரு.

பாடவும் செய்வாராமே?

பாடுவாரு. சோல் பாடகர் ரே சார்லஸ் மேல பைத்தியம். கறுப்புக் கண்ணாடி போட்டுக்கிட்டு அவர் மாதிரியே உடம்பை ஆட்டி ஆட்டிப் பாடிக் காட்டுவாரு. 2007-ல "ரூட்ஸ் அண்ட் குரூவ்ஸ்"னு கொலோன் ரேடியோவோட பெரிய பேண்டான டபிள்யூ.டி.ஆர் பிக் பேண்டோட ரெண்டு டிஸ்க் போட்டாரு, அதுல ஒண்ணு முழுக்க ரே சார்லஸுக்கு. குரல் சுமார்தான், எனக்குப் பிரச்சனை இல்ல.

அவரை மாதிரி வாசிக்கக் கத்துக்கணும்னா?

நான் வாத்தியார் இல்ல, ஆனா பட்ட அனுபவம் ஒண்ணு இருக்கு. நாலு வருஷம் ஒரு கல்யாண ஆர்கெஸ்ட்ராவுல டெனார் வாசிச்சேன். மொத வருஷம் கேப் கெடச்ச எடத்துலயெல்லாம் ஊதுவேன், பாட்டுக்காரர் மூச்சு விட்டா நான் உள்ள பூந்துடுவேன். ஒரு நாள் சாப்பாட்டுப் பந்தில கீபோர்டு அண்ணன் சாம்பாரை ஊத்திக்கிட்டே சொன்னாரு, "தம்பி, நீ வாசிக்காத எடமெல்லாம் இன்னிக்கு ரொம்ப நல்லா இருந்துச்சு." அப்ப அழுகையே வந்துச்சு. வீட்டுக்குப் போய் கோல்ட் ஸ்வெட்டைப் போட்டு, மேசியோ வாசிக்கிற எடத்தைக் கவனிக்கிறதை விட்டுட்டு நிறுத்துற எடத்தை மட்டும் காலால தட்டித் தட்டி எண்ணினேன். ஒரு வாரம் அதே வேலை. அவரோட நிறுத்தம் ஒவ்வொண்ணும் மொத எண்ணிக்கை வந்து விழறதுக்கு எடம் ஒதுக்கி வைக்குது, அவரு அந்த மொத எண்ணிக்கையை மறைக்கவே மாட்டாரு. இது புரிஞ்சப்புறம் நான் ஊதுறது பாதியாக் கொறஞ்சுது. கீபோர்டு அண்ணன் அதுக்கப்புறம் ஒண்ணும் சொல்லல, அவர்கிட்ட அது பெரிய பாராட்டு.

டெக்னிக்கா கேட்டா: நாக்கு வேலை, மெட்ரோனோம் (தாளம் தட்டுற கருவி), சின்ன வாக்கியம். ஒரு வாக்கியத்தை வாசிச்சு அதையே நாலு தடவை, ஒவ்வொரு தடவையும் ஒரே ஒரு ஸ்வரம் மாத்தி. வேகமா ஸ்கேல் ஓட்டுறதெல்லாம் இவர் விஷயத்துல ஒண்ணுக்கும் உதவாது.

இப்ப என்ன பண்றாரு?

கடைசியா நான் கேட்ட ஸ்டுடியோ ஆல்பம் 2020-ல வந்த "சோல் ஃபுட்", அப்ப வயசு 77. மகன் கோரி பல வருஷமா அப்பா பேண்ட்ல ராப் பாடிட்டு இருந்தாரு. பிரவுன் கூட முப்பது வருஷத்துக்கு மேல பாடின மார்த்தா ஹையும் இவர் பேண்ட்ல பாடினாங்க. கச்சேரின்னா ரெண்டரை மணி நேரம், மூணு மணி நேரம், அறுபது எழுபது வயசுலயும் அப்படித்தான். தம்பி மெல்வின் 2021-ல போயிட்டாரு, பீ வீ எல்லிஸும் அதே வருஷம். கின்ஸ்டன்ல இந்த ஊரு ஆளுங்க இசைக்காகவே ஒரு பார்க் கட்டி வச்சிருக்காங்க.

சரி, எங்கேர்ந்து கேக்க ஆரம்பிக்கலாம்?

ஆடுற மூடுன்னா பிளானட் குரூவ். படிக்கிற மூடுன்னா கோல்ட் ஸ்வெட், ரெண்டு பாகமும் சேர்ந்த முழு நீளம்தான், வெட்டினது வேண்டாம். பார்லிமெண்ட்டுக்கு "மதர்ஷிப் கனெக்ஷன்". அதுல சாக்ஸைத் தனியாத் தேடாதீங்க, ஹார்ன் மொத்தமும் ஒரே மிருகம் மாதிரி மூச்சு விடுறதைக் கேளுங்க.

ஆனா எல்லாத்துக்கும் முன்னாடி 1991-ல வந்த "ஸ்டார் டைம்" தொகுப்புல இருக்கிற பாப்பாஸ் காட் எ பிராண்ட் நியூ பேக் கேளுங்க. 1965-ல வித்தது வேகத்தைக் கூட்டி, வெட்டிச் சுருக்கினது. தொகுப்புல இருக்கிறது அன்னிக்கு டேப்ல விழுந்த முழுசும், ஒரிஜினல் வேகத்துல. சார்லட்ல ஒரு ஸ்டுடியோ, பிப்ரவரி மாசம், ஒரு கச்சேரிக்குப் போற வழியில பஸ்ஸை நிறுத்தி எறங்கி வந்து வாசிக்கிறாங்க, எல்லாருக்கும் தூக்கக் கலக்கம். மெல்வின் டிரம்ஸ்ல. வாத்தியம் ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே பிரவுன் "இது ஹிட்டு!"ன்னு கத்துறது பதிவாயிருக்கு. நீங்க வழக்கமாக் கேட்ட வெர்ஷன் முடிஞ்சு போற எடம் தாண்டியும் பாட்டு நிக்காது, பிரவுன் பேரைக் கூப்பிட்டுக் கூப்பிட்டு ஏத்தி விட மேசியோ வாசிச்சிட்டே போவாரு. வயசு 22 ஆக இன்னும் ரெண்டு வாரம் பாக்கி.